துரை எடுத்துப் போகாத பாட்டு

நான் சுதந்திரப் போராட்டத்தில் சேர்ந்தபோது சுதந்திரம் வந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது.

இதைச் சொன்னால் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். பந்தி முடிந்து இலை எடுத்த பிறகு கை கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தவன் நான். ஐம்பதை எட்டிப் பார்க்கும் இந்த வயதில், கோவாவுக்காகவும் காங்கோவுக்காகவும் அல்ஜீரியாவுக்காகவும் அல்சூர் ஏரிக்கரையில் தொண்டை வறளக் கத்தியவன் என்று என்னைப் பற்றி நாலு பேர் பேசுகிறார்கள். மாநகராட்சியில் ஒரு தடவை உட்கார்ந்து எழுந்ததால் 'கவுன்சிலர் கவிஞர்' என்று ஒரு பட்டம் வேறு. ஆனால் இந்தக் கிறுக்கு எப்போது, எந்த இடத்தில் என்னைப் பிடித்தது என்பதை எந்த மேடையிலும் நான் சொன்னதில்லை. சொன்னால் முன்வரிசையில் இருக்கும் என் சகலை, அதாவது என் மனைவியின் அக்கா புருஷன், எழுந்து நின்று திருத்துவார். எழுத்தில்தான் அவரால் குறுக்கே வர முடியாது.

அதற்கு முன்னால் நான் என்ன செய்துகொண்டிருந்தேன்? வெள்ளைக்காரனைப் பாடிக்கொண்டிருந்தேன்.

பெங்களூர்த் தண்டில், சிப்பாய்களுக்கு உடுப்புத் தைக்கிற கிடங்கு ஒன்றில் எனக்குக் குமாஸ்தா உத்தியோகம். தண்டு என்றால் வெள்ளைப் பட்டாளம் கூடாரம் அடித்து, கூடாரம் பங்களாவாகி, பங்களாவைச் சுற்றி நாங்கள் முளைத்த ஊர். அந்த ஊரில் ஒரு வழக்கம் இருந்தது. துரை வந்தால் ஓர் உபசாரப் பத்திரம், துரை போனால் ஓர் உபசாரப் பத்திரம். வழவழவென்ற துணியில் அச்சடித்து, ஓரமெல்லாம் பூக்கொடி ஓடவிட்டு, தங்க ரேக்கு ஒட்டிய சட்டத்தில் கண்ணாடி போட்டு, தொழிலாளர் எல்லாம் வரிசையில் நிற்க, எழுதியவனே ராகம் போட்டுப் படித்து மாலையோடு கையில் கொடுக்க வேண்டும். எழுதியவன் நான். துரைக்குத் தமிழில் ஓர் எழுத்தும் தெரியாது. தலைமைக் குமாஸ்தா பக்கத்தில் குனிந்து நின்று காதில் அர்த்தம் சொல்வார்.

"உங்களைக் கடல் என்கிறான், சார்."

துரை தலையாட்டுவார்.

"இப்போது மலை என்கிறான், சார்."

துரை கைக்கடிகாரத்தைப் பார்ப்பார்.

கடல், மலை, மேகம், சிங்கம், கற்பகத் தரு. இந்த ஐந்தையும் வைத்துக்கொண்டு பன்னிரண்டு வருஷம் ஓட்டினேன். அச்சுக்கூடத்துக்காரர் என் பாட்டின் எழுத்துகளைக் கலைப்பதே இல்லை. அப்படியே நூல் கட்டி அலமாரிமேல் வைத்திருப்பார். புதுத் துரை வந்தால் பெயரை மட்டும் பிடுங்கி மாற்றிச் செருகுவார். துரைசானியின் பிறந்தநாளுக்கு ஒன்று, பதவி உயர்வுக்கு ஒன்று. கர்னல் துரை ஒருவரின் நாய் செத்தபோது அதற்கும் இரங்கற்பா பாடினேன். உண்மையில் அந்த நாய் நல்ல நாய். அந்தப் பாட்டில் நான் அதிகம் பொய் சொல்லவில்லை.

நாற்பத்தேழு ஜூலைக் கடைசியில் தண்டை மைசூர் ராஜ்ஜியத்தோடு சேர்த்தார்கள். ஆகஸ்டில் தேசத்துக்கே விடுதலை. மூன்று வாரத்துக்குள் என் தலைக்குமேல் மூன்று அரசாட்சி மாறியது. முதலில் லண்டன் ராஜா, அப்புறம் மைசூர் மகாராஜா, அப்புறம் பாரதத் தாய். நான் என்ன செய்தேன்? அச்சுக்கூடத்துக்காரர் செய்ததைத்தான். கடலும் மலையும் மேகமும் இருந்த இடத்திலேயே இருந்தன. பெயரை மட்டும் பிடுங்கி மாற்றிச் செருகினேன். சிங்கம் மட்டும் தாய்க்குப் பொருந்துமா என்று கொஞ்சம் யோசித்தேன். தாயின் காலடியில் படுக்க வைத்துவிட்டேன். அல்சூரில் அதைப் படித்தபோது கைதட்டல் ஏரியில் இருந்த கொக்குகளை எழுப்பியது. ஒரே மாலையில் நான் 'சுதந்திரக் கவிஞர்' ஆனேன்.

போலி என்று சொல்லிவிடாதீர்கள். மழை எந்தப் பக்கம் அடிக்கிறதோ அந்தப் பக்கம் குடை சாய்கிறது. குடைக்கு உள்நோக்கம் கிடையாது. அந்த மாலையில் என் கண்ணிலும் தண்ணீர் வந்தது. ஆனால் கர்னல் துரைக்குப் படித்தபோதும் வந்திருந்ததே என்ற ஞாபகம்தான் லேசாகக் கூசியது.

வெள்ளைப் பட்டாளம் போனதும் கிடங்கில் ஆள் குறைத்தார்கள். அதில் என் பெயரும் போனது. அந்த அச்சுக்கூடத்திலேயே பிழை திருத்தப் போய் உட்கார்ந்தேன். பிறகு நகரமும் தண்டும் ஒன்றாகி ஒரே மாநகராட்சி ஆயிற்று. தேர்தல் வந்தது. ஆஸ்டின் டவுனிலிருந்து நீலசந்திரா வரை எங்கள் வார்டு. பெரியவர்கள் வந்து, "சுதந்திரக் கவிஞர் நிக்கணும்" என்றார்கள். நின்றேன்.

எதிரே நின்றவர் ரொட்டி கண்ட்ராக்டர். பட்டாளத்துக்கு ரொட்டி சப்ளை செய்தவர். அவருக்கு என்னிடம் இல்லாத ஒன்று இருந்தது. பதினோரு நாள் ஜெயில். மறியல் நடந்த தெருவில் குதிரைக்குக் கொள்ளு வாங்கப் போனவரைப் போலீஸ் கூட்டத்தோடு அள்ளிக்கொண்டு போய்விட்டது. பதினோரு நாளும் "நான் கொள்ளு வாங்க வந்தவன்" என்று அழுதாராம். வெளியே வந்தபோது வாசலில் யாரோ மாலை போட்டார்கள். அன்றிலிருந்து கதர்.

அந்தக் கதர் ஒரு நாள் மேடையில் என்னை நோக்கி விரல் நீட்டியது.

"சுதந்திரக் கவிஞராம்! வெள்ளைக்காரத் தொரைய சாமின்னு பாடினவருங்க இவரு. நான் சொல்லல, அவரு எழுதி அச்சடிச்ச பாட்டே சொல்லுது. கண்ணாடி போட்டு நம்ம வார்டுல ஒரு வீட்டுல தொங்குது. வர்ற ஞாயித்துக்கிழமை சாயங்காலம் நீலசந்திரா மைதானத்துல அதைக் கொண்டாந்து காட்டறேன். படிச்சுப் பாத்துட்டு ஓட்டுப் போடுங்க!"

அந்த வீடு எது என்று எனக்குத் தெரியும். என் சகலையின் வீடு. நீலசந்திராவில்.

சகலை பதினெட்டு வருஷம் கர்னல் துரைக்குப் பட்லர். சமையல், மேஜை, விருந்து எல்லாம் அவர் கை. கர்னலுக்கு நான் பாட்டு எழுதிக்கொண்டிருந்தபோது ஒரு தட்டு நிறையக் கட்லெட்டோடு வந்து எதிரே உட்கார்ந்தார். "சகலை, அதுல எனக்கும் ரெண்டு வரி போடுங்க" என்றார். துரைக்குத் தமிழ் தெரியாது, தலைமைக் குமாஸ்தா அந்த இடத்தில் 'மேகம்' என்று சொல்லிவிடுவார், யாருக்கு என்ன நஷ்டம்? கட்லெட் சூடாக இருந்தது. போட்டேன்.

'உப்பும் உறைப்பும் ஒருகை அளவறிவான்
தப்பாது அடுப்பில் தவமிருப்பான்' என்று போய், அடுத்த வரியில் அவர் தகப்பன் பெயரும் அவர் பெயரும். அந்தப் பெயரை இங்கே நான் எழுதக் கூடாது. "அச்சுல ஒரு தடவை வந்தா அது பேரு. ரெண்டு தடவை வந்தா அது நோட்டீசு" என்பது அவர் கட்சி.

ஆக, ஞாயிற்றுக்கிழமைக்குள் அந்தக் கண்ணாடிப் படம் அந்தச் சுவரிலிருந்து இறங்க வேண்டும். இறங்கவில்லை என்றால் என் பெயர் இறங்கிவிடும். திங்கட்கிழமை காலையிலேயே போனேன்.

"வாங்க சகலை, வாங்க. கட்சிக்காரர் வந்திருக்காரு, நாற்காலியத் தொடச்சுப் போடு!" என்று உள்ளே குரல் கொடுத்தார். படம் முருகனுக்குப் பக்கத்தில் தொங்கியது. அவர் பெயர் இருக்கும் இடத்தில் மட்டும் கண்ணாடியில் விரல் பட்ட மங்கல். அவருக்குப் படிக்கத் தெரியாது. இடம் தெரியும்.

"அந்தப் படத்தைக் கொஞ்சம் எறக்கிக் குடுங்க, சகலை."

"எதுக்கு?"

"கண்ணாடி அழுக்கா இருக்கு. தொடச்சுக் குடுக்கறேன்."

"தெனம் நான்தான் தொடைக்கிறேன். உங்க மூக்குக் கண்ணாடிதான் அழுக்கு. கழட்டுங்க, அதையும் தொடச்சு விடறேன்."

சுற்றி வளைத்துப் பயனில்லை. விஷயத்தைச் சொன்னேன். என் மானம், தேர்தல், ரொட்டிக்காரரின் சபதம். சகலை பொறுமையாகக் கேட்டார். விருந்தாளி சூப் குடித்து முடிக்கும் வரை பின்னால் நிற்கிற பொறுமை அது.

"ரொட்டிக்காரரும் வந்தாரு. குடுன்னாரு. முடியாதுன்னுட்டேன். அவரு ரொட்டி பொங்கறதே இல்லைன்னு பதினெட்டு வருசமா சொல்றேன், ஒரு நாள் திருத்திக்கிட்டாரா? அவருக்கா குடுப்பேன்?"

"அப்பாடா!"

"ஆனா யாரு வந்து பாக்கணும்னாலும் காட்டுவேன். வீட்டுக்கு வந்தவங்களுக்குச் சாமி படம் காட்டறதில்லையா?"

"சகலை, அதை எரிச்சுடணும்."

அவர் முகம் மாறியது. கோபம் வந்தால் அவர் குரல் இறங்கும்.

"தொரை ஊருக்குப் போறப்ப புலித்தோலை எடுத்துக்கிட்டாரு. கடியாரம், பீங்கான், செத்த நாயோட கழுத்துப்பட்டை, எல்லாம் பொட்டிக்குள்ள போச்சு. இதை மட்டும் வராண்டாவுல செவுத்தப் பாத்துத் திருப்பி வெச்சிருந்தாரு. 'தொரை, இது?'ன்னு கேட்டேன். 'குப்பையில போடு, பாய்'ன்னாரு. பாய்! பையனாம்! எனக்கு அப்ப அம்பது வயசு. பதினெட்டு வருசத்துல என் பேரு அவருக்குத் தெரியாது. வாங்கினவரு குப்பையில போடுன்னாரு. எழுதினவரு எரிக்கணும்னு வந்து நிக்கிறாரு. நடுவுல ஒருத்தன், என் பேரு இதுல இருக்குதுன்னு தூக்கிட்டு வந்து ஆணி அடிச்சு மாட்டியிருக்கேன். போயிட்டு வாங்க சகலை. நாஷ்டா சாப்ட்டுட்டுப் போங்க."

நாஷ்டா இறங்கவில்லை. ஆஸ்டின் டவுன் வரை நடந்தே வந்தேன். வழியெல்லாம் ஒரே சொல் காலில் குத்தியது. குப்பை. மூன்று வாரம் தூங்காமல் எழுதிய பாட்டு. கடல் என்றேன், மலை என்றேன், அந்த மனுஷன் நாயின் கழுத்துப்பட்டையைப் பெட்டியில் வைத்தான், என் பாட்டைச் சுவரைப் பார்த்து நிற்க வைத்தான்! ஏகாதிபத்தியம் எவ்வளவு கொடியது என்பது எனக்கு அன்றைக்குத்தான் உறைத்தது. சிறையில் செத்தவர்களைப் பற்றிப் படித்தபோது வராத ஆத்திரம், செக்கிழுத்தவர்களைப் பற்றிக் கேட்டபோது வராத ஆத்திரம், என் வெண்பாவை ஒருவன் குப்பை என்றதும் வந்தது. வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் நெருப்புக்கு வைக்கோலும் ஒன்று, சந்தனமும் ஒன்று. பற்றிக்கொண்டது.

வீட்டில் மனைவியிடம் பொரிந்தேன். அவள் முறத்தில் அரிசியைப் புடைத்துக்கொண்டே கேட்டாள்.

"தொரை அதை எடுத்துட்டுப் போயிருந்தா உங்களுக்குக் கோவம் வந்திருக்குமா?"

"அது... அது வேற."

"வேறதான். சும்னே கேட்டேன்."

செவ்வாய்க்கிழமை பாரதமாதா படம் ஒன்றை, அந்தப் படத்தைவிட ஒன்றரை மடங்கு பெரிதாக, புதுச் சட்டம் போட்டு எடுத்துக்கொண்டு போனேன். "இதை மாட்டிக்குங்க, அதைக் குடுங்க" என்றேன். சகலைக்குப் படம் ரொம்பப் பிடித்துவிட்டது. இன்னொரு ஆணி அடித்து அதையும் பக்கத்தில் மாட்டினார். "செவுத்துல எடம் இருக்கு சகலை" என்றார். புதன்கிழமை மனைவியைத் தூது அனுப்பினேன், அக்காவிடம் சொல்லி வழிக்குக் கொண்டு வரட்டும் என்று. அவள் ஆறு கட்லெட்டோடு திரும்பி வந்தாள்.

"என்ன ஆச்சு?"

"மாமா என்னை உக்கார வெச்சு அந்தப் பாட்டைப் படிக்கச் சொன்னாரு. முழுசாப் படிச்சேன். அந்தப் பாட்டுல பொய் இல்லாத எடம் அவரு வர்ற ரெண்டு வரிதான். அதைப் போய் எப்படிங்க எரிக்கச் சொல்றது?"

"என் கதி?"

"உங்களுக்குக் கட்லெட் இருக்கு."

இதற்குள் ரொட்டிக்காரர் சும்மா இல்லை. படம் கிடைக்காவிட்டால் என்ன, பார்வையாளர்களைக் கிடைக்கச் செய்தார். பத்துப் பத்துப் பேராகத் தொண்டர்களை நீலசந்திராவுக்கு அனுப்பினார். போய்ப் பாருங்கள், மனப்பாடம் செய்துகொள்ளுங்கள், ஞாயிற்றுக்கிழமை மேடையில் சொல்லலாம் என்று. வியாழக்கிழமை சகலை வீட்டு வாசலில் ரேஷன் கடை மாதிரி வரிசை. வந்தவர்களுக்கெல்லாம் டீ. ஒரு தொண்டர் பென்சிலால் நகல் எடுத்துக்கொண்டிருந்தார். தளை தட்டும்படி ஒரு சீரைத் தவறாக எழுதினார். பொறுக்க முடியாமல் சன்னலுக்கு வெளியே நின்றிருந்த நானே திருத்திச் சொன்னேன். அவர் நன்றி சொல்லிவிட்டு, "நீங்களும் நம்ம கட்சியா?" என்றார்.

அந்தக் கேள்வியில் எனக்கு ஏதோ விட்டுப்போயிற்று. எல்லாரும் படித்தாயிற்று. இனி எரித்து என்ன? உள்ளே போய்ச் சகலைக்கு எதிரே உட்கார்ந்தேன்.

"சகலை, எரிக்க வேணாம். ஒளிக்கவும் வேணாம். சனிக்கிழமை சாயங்காலம் என் கூட்டம் இருக்கு, அதே மைதானத்துல. அதை நீங்களே கொண்டு வாங்க. அவன் படிக்கிறதுக்கு முன்னாடி நானே படிச்சுடறேன்."

அவர் என்னைப் பார்த்தார், கோழி வெந்ததா என்று பார்க்கிற மாதிரி.

"முழுசாப் படிக்கணும். எதையும் தாண்டக் கூடாது."

"சரி."

"தொரைக்குப் போட்ட அதே ராகம்."

கூசியது. "சரி" என்றேன்.

"படத்தை வேற யாரும் தொடக் கூடாது."

சனிக்கிழமை மாலை மைதானத்தில் கூட்டம் நிரம்பியிருந்தது. நான் பேச எழுந்தபோது கூட்டம் பின்னாலிருந்து விலகியது. சகலை வந்துகொண்டிருந்தார். பட்லர் உடுப்பில். கஞ்சி போட்ட வெள்ளைக் கோட்டு, பித்தளைப் பொத்தான், தலைப்பாகை. இடது கையில் ஒரு வெள்ளித்தட்டு, தட்டின்மேல் மடித்த வெள்ளைத் துண்டு, துண்டின்மேல் அந்தப் படம். விருந்தில் பெரிய மீனைக் கொண்டு வருகிற நடை. மேடையேறி, எனக்கு இடப்பக்கம் குனிந்து தட்டை நீட்டினார். பரிமாறுவதென்றால் இடப்பக்கம்தான், அதில் அவர் தவறவே மாட்டார்.

"நாளைக்கு ஒருத்தர் இதை உங்களுக்குக் காட்டறதாச் சொல்லியிருக்காரு," என்றேன். "அவருக்கு ஏன் சிரமம்? எழுதினவன் நான். நானே படிக்கிறேன்." கல்யாணி ராகத்தில் தொடங்கினேன். என் குரல் எனக்கே ஆட்டுக்குட்டி மாதிரி கேட்டது.

"கடல்கடந்து வந்த கருணைப் பெருங்கடலே..."

"பொத்தான் கொறஞ்சதுக்கு அரை நாள் வெயில்ல நிக்க வெச்ச கடலு!" என்று ஒரு குரல். கிடங்கில் தைக்கிறவர்கள் எல்லாம் அங்கே இருந்தார்கள். மைதானம் குலுங்கியது.

"நீதிநெறி குன்றா நெடுமலையே..."

"ஞாயம் கேட்டு மலைமேல ஏறினவன் ஒருத்தனும் எறங்கல, போங்கண்ணே!"

"கற்பகத் தருவே..."

"காய்ச்சதே இல்ல!"

சிரித்து முடிக்கட்டும் என்று ஒவ்வொரு வரிக்கும் நின்றேன். நிற்க நிற்க எனக்கும் சிரிப்பு வந்தது. பன்னிரண்டு வருஷம் தூக்கி நடந்த மூட்டையை ஒவ்வொன்றாகப் பிரித்துத் தெருவில் போடுகிற சுகம். நடுநடுவே கழுத்து வியர்த்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். பிறகு சகலையின் வரிகள் வந்தன. உப்பு, உறைப்பு, அடுப்பு, தவம், தகப்பன் பெயர், அவர் பெயர்.

யாரும் சிரிக்கவில்லை. யாரோ ஒருவர் கைதட்டினார், அப்புறம் எல்லாரும். பதினெட்டு வருஷம் மேஜைக்குப் பின்னால் நின்றவர் மேடையின் நடுவில் நின்றார். சலாம் வைக்கப் போன கை பாதியில் நின்று, இன்னொரு கையைத் தேடிக் கும்பிட்டது. தட்டு ஆடியது. படம் விழுந்துவிடப் போகிறதே என்று நான் பதறிப் பிடித்தேன். "தொடக் கூடாதுன்னு சொன்னேன் இல்ல?" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு.

இத்தோடு முடிந்தது, ஜெயித்தேன் என்று நினைத்தேன். கூட்டத்தில் ஒருவர் கை தூக்கினார். கிடங்கில் காஜா எடுக்கிறவர். பொத்தானுக்குத் துளை தைத்துத் தைத்து ஒரு கண் சுருங்கிப் போனவர்.

"கவிஞரே, எல்லாம் நல்லா இருந்துச்சு. ஒண்ணு கேக்கறேன். கெடங்குக்குப் போற வழியில ஆபீசருங்க மெஸ்ஸு இருக்குதில்ல? அந்தத் தெருவுல இன்னும் நாங்க சைக்கிள விட்டு எறங்கி, தள்ளிக்கிட்டுத்தான் போறோம். அது எந்தத் தொரைக்கு?"

வெள்ளைக்கார ஆபீசர்களுக்கு முன்னால் சவாரியாகப் போகக் கூடாது என்ற பழைய சட்டம் அது. இவர்களுக்கு மட்டுமா? சுதந்திரக் கவிஞனும் அச்சுக்கூடம் போகும் வழியில் தினமும் அங்கே இறங்கித்தான் தள்ளிக்கொண்டு போகிறான். இறங்குகிறேன் என்பதே அவர் கேட்ட பிறகுதான் எனக்குத் தெரிந்தது. மேடையில் வாய் சும்மா இருக்குமா? "நாளைக்குக் காலையில அந்தத் தெருவுல நான் ஏறின சைக்கிள விட்டு எறங்காமப் போறேன்!" என்றது.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்குத் தெருமுனையில் பாதி வார்டு நின்றது. பின்னால் கேரியரில் சகலை ஏறிக்கொண்டார். "மெஸ்ஸுல என்னைத் தெரியும். சுட்டா உங்களைச் சுடட்டும், எனக்கு டீ குடுப்பாங்க" என்று காரணம் சொன்னார். மிதித்தேன். மரங்கள் வந்தன, சுண்ணாம்படித்த கற்கள் வந்தன, மெஸ்ஸின் கேட்டு வந்தது. கேட்டுக்குப் பத்தடி முன்னால் நான் தரையில் நின்றுகொண்டிருந்தேன். எப்போது இறங்கினேன்? தெரியாது. கேரியரோடு சாய்ந்த சகலை ஒற்றைக் காலில் தத்தினார்.

முனையில் சிரிப்பு.

திரும்பிப் போய் மறுபடி வந்தேன். பல்லைக் கடித்தேன், பாட்டுப் பாடினேன், வானத்தைப் பார்த்தேன். அதே இடத்தில் அதே கால் இறங்கியது. மாடு தொட்டியைப் பார்த்து நிற்கிற மாதிரி.

"பாட்டெழுதற கை வேற, எறங்கற கால் வேற போல இருக்குது சகலை," என்றார் பின்னாலிருந்தவர். "கையை மட்டும் அனுப்பியிருக்கலாம்."

மூன்றாம் தடவையும் இறங்கியபோது, கேட்டில் காவலுக்கு நின்ற சென்ட்ரி எங்களை நோக்கி வந்தான். எனக்கு ஒரு விதத்தில் ஆறுதலாகத்தான் இருந்தது. இவன் 'இறங்கு' என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், மாட்டேன் என்று சொல்லலாம். சொல்லாத உத்தரவைத்தான் எப்படி மீறுவதென்று தெரியவில்லை.

கன்னடக்காரன், இளைஞன். தமிழைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பொறுக்கிக் கேட்டான்.

"சாமி, ஒந்து கேக்கலாமா? நான் வந்து ரெண்டு திங்களு ஆச்சு. எல்லாரும் இங்க வந்து எறங்கறாங்க. நீங்க மூணு தடவை எறங்கிட்டீங்க. இங்க ஏதாவது தேவஸ்தானம் இருக்கா?"

"என்னது?"

"சாமி இருக்குதுன்னு நெனச்சு நான் இந்தப் பக்கம் துப்பறதே இல்ல."

கேரியரிலிருந்து ஒரு சத்தம். சகலை சிரித்து நான் அதுவரை கேட்டதில்லை. பட்லர்கள் சத்தமாகச் சிரிப்பதில்லை. அவர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சுண்ணாம்புக் கல்லின்மேல் உட்கார்ந்துவிட்டார். முனையிலிருந்து ஓடிவந்தவர்களுக்கு அவர்தான் சொன்னார். அவர்கள் அடுத்தவர்களுக்குச் சொன்னார்கள். சென்ட்ரி கோபித்துக்கொள்வதா சிரிப்பதா என்று தெரியாமல், கடைசியில் சிரித்தான்.

நாலாம் தடவை போனேன். கால் துடித்தது. இறங்கு இறங்கு என்று முழங்காலுக்குள் யாரோ தட்டினார்கள். மிதித்தேன். கேட்டு வந்தது, கேட்டு போயிற்று. மெஸ் தோட்டத்தில் செடிக்குத் தண்ணீர் ஊற்றியவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. இவ்வளவுதானா? இந்தப் பத்தடிக்கா பதினைந்து வருஷம் இறங்கினேன்? கண் நிறைந்தது. இந்தத் தண்ணீர் கர்னலுக்கு முன்னால் வந்த தண்ணீர் இல்லை என்று எனக்குத் தெரிந்தது. திரும்பிப் பார்த்தால் காஜாக்காரர் வந்துகொண்டிருந்தார், அவர் பின்னால் இருபது முப்பது சைக்கிள், மணியடித்துக்கொண்டு. மத்தியானம் வரை அந்தத் தெருவில் போவதும் வருவதுமாக இருந்தார்கள்.

சாயங்காலம் ரொட்டிக்காரரின் கூட்டத்துக்கு ஆளே இல்லை. ஆனால் தேர்தலில் ஜெயித்தது அவர்தான். பதினோரு நாள் ஜெயில் லேசுப்பட்டதா? எனக்கு வருத்தம்தான். இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன். நான் கவுன்சிலர் ஆனது அடுத்த தேர்தலில்.

தோற்ற செய்தி வந்த சாயங்காலம் காஜாக்காரர் வீட்டுக்கு வந்தார், கூட நாலைந்து தையல்காரர்கள். துக்கம் விசாரிக்க வந்திருக்கிறார்கள் என்று மனைவி காப்பி வைக்கப் போனாள்.

"அதை விடுங்க கவிஞரே. காகிதம் எடுங்க. நாங்க எங்கெங்கே எறங்கறோம்னு சொல்றோம், எழுதிக்குங்க."

எழுதினேன். குடிதண்ணீர்ப் பானை ஆபீசர்களுக்குத் தனி. மேஸ்திரி உட்கார்ந்தால் தையல்காரர் உட்காரக் கூடாது. மழை பெய்தாலும் கிடங்குக்குள் குடை விரித்து நடக்கக் கூடாது. இப்படிப் பத்துப் பன்னிரண்டு. கடைசியாக ஒன்று சொல்லக் காஜாக்காரர் தயங்கினார்.

"கர்னல் தொரை உக்காந்த நாற்காலி அவரு ரூமுல அப்படியே கெடக்குது. உள்ள போறப்பயும் வர்றப்பயும் அதுக்கு ஒரு சலாம் வெச்சுட்டுத்தான் போறோம்."

"அதுல இப்ப யார் உக்காந்திருக்கறது?"

ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"பூனைங்க," என்றார் ஒருவர். "குட்டி போட்டிருக்குது."

எழுதிக்கொண்டேன். திங்கட்கிழமை போராட்டத்தைப் பூனையிலிருந்து ஆரம்பிப்பது என்று முடிவாயிற்று.